டிரிப் ஷீட், ரூமிங் லிஸ்ட், வவுச்சர்: பழைய வேலைகள் சினிமா புரொடக்ஷனில் எவ்வளவு உழைக்கின்றன?

புதுச்சேரி, கடலூர் பக்கம் லைன் புரொடியூசராக, அதாவது ஷூட்டிங்கின் அன்றாட ஏற்பாட்டையும் செலவையும் பார்ப்பவராக, இருப்பவர்களில் பலர் டிராவல்ஸ், ஓட்டல் ரிசப்ஷன், ஆடிட்டர் ஆபீஸ், கல்யாண வீடியோ என்று எதிலாவது இருந்துவிட்டு வந்தவர்கள். அங்கிருந்து கொண்டுவந்த பழக்கங்களைப் பல ஷெட்யூல்களில் பயன்படுத்திப் பார்த்ததில் எது நின்றது, எது போதவில்லை என்பதே இந்தப் பகிர்வு.

முதல் நாளிலேயே கைகொடுப்பது டிராவல்ஸ்காரரின் டிரிப் ஷீட். வண்டிக்கு ஒரு தாள்: டிரைவர் பெயர், கிளம்பிய கிலோமீட்டர், முடிந்த கிலோமீட்டர், ஏறிய ஆட்கள், டோல். பிசகுவது முடிந்த கிலோமீட்டரில்தான். ஆர்ட்டிஸ்டை ஓட்டலில் இறக்கியதும் எழுதாமல், மறுநாள் காலை ஷெட்டில் நின்றுகொண்டு எழுதுவார்கள். வாடகை ‘ஷெட் டு ஷெட்’, அதாவது வண்டி ஷெட்டை விட்டுக் கிளம்பித் திரும்பும் வரை, என்று பேசியிருந்தால் சரி. ‘பிக்கப் டு டிராப்’, அதாவது ஆளை ஏற்றியதிலிருந்து இறக்கும் வரை மட்டும், என்றால் பில் வரும் நாளில் தகராறு. எப்படிப் பேசினோம் என்பதை அட்வான்ஸ் கொடுக்கும்போதே தாளின் தலையில் எழுதிவிட வேண்டும். சென்னை வண்டி என்றால் ஈசிஆரில் வந்துபோகவே 300 கிலோமீட்டர் ஓடிவிடும், ஆகவே உள்ளூர் வண்டிதான் மலிவு. ஆனால் எல்லையிலுள்ள முள்ளோடையைத் தாண்டி கடலூர் தேவனாம்பட்டினம் சில்வர் பீச்சில் காட்சி இருந்தால், புதுச்சேரிப் பதிவு வேனுக்குத் தமிழ்நாட்டு பர்மிட் இருக்கிறதா என்று முந்தின நாளே பார்த்துவிடுங்கள்.

ஓட்டல்காரரின் ரூமிங் லிஸ்ட்டும் நன்றாக உழைக்கிறது. யார் யாரோடு தங்குவது, நைட் ஷூட் முடிந்து விடியற்காலை வருபவருக்கு அறை எத்தனை மணிக்கு என்பதெல்லாம் அதில் அடங்கிவிடும். வார இறுதியில் அறை வாடகை ஏறும், பழைய பிரெஞ்சுக்காரர் பகுதியான ஒயிட் டவுனில் கூட்டமும் ஏறும் என்பதும் அவருக்கு முன்பே தெரியும். அந்தத் தெருக்களில் எடுக்க வேண்டியதைத் திங்கள் முதல் வியாழனுக்குள் முடித்துவிடுவது நல்லது.

கல்யாண வீடியோவிலிருந்து வருபவரிடம் ஒரு நல்ல குணம் உண்டு: இரண்டு காப்பி எடுத்துச் சரிபார்க்காமல் கார்டை ஃபார்மட் செய்ய மாட்டார். அதை அப்படியே வைத்துக்கொள்ளலாம்.

வருடங்கள் போகப் போக அதிகம் உழைப்பது ஆடிட்டர் ஆபீஸிலிருந்து வந்த வவுச்சர், பில் என்ற கணக்குப் பழக்கம்தான். புதுச்சேரியில் அதற்குத் தனிக் காரணம் ஒன்று உண்டு. தமிழ்நாட்டு ஜிஎஸ்டி பதிவு மட்டும் உள்ள கம்பெனி இங்கே யூனிட்டைத் தங்க வைத்தால், ஓட்டல் பில்லில் சிஜிஎஸ்டியும் (மத்திய அரசின் பங்கு) புதுச்சேரியின் எஸ்ஜிஎஸ்டியும் (உள்ளூர் அரசின் பங்கு) விழும். கட்டிடம் எங்கேயோ வரியும் அங்கே. அதைத் தமிழ்நாட்டுப் பதிவில் இன்புட் கிரெடிட்டாக, அதாவது நாம் கட்ட வேண்டிய வரியில் கழித்துக்கொள்வதாக, எடுக்க முடியாது. ஷூட்டிங் பங்களா வாடகைக்கும் இதே கதி. அதே ஊர்க்காரர் லைட்டை வாடகைக்கு விட்டால் ஐஜிஎஸ்டி (மாநிலம் விட்டு மாநிலம் போகும் வரி) போடுவார், அது கிரெடிட்டுக்கு வரும். ஆகவே பட்ஜெட்டில் அறை வாடகையை வரியோடு சேர்த்தே எழுத வேண்டும். பில்லை வாங்கும்போது ஜிஎஸ்டி எண்ணின் முதல் இரண்டு இலக்கத்தைப் பாருங்கள்: 33 தமிழ்நாடு, 34 புதுச்சேரி. ரொக்கத்திலும் கவனம் வேண்டும். ஒரே நாளில் ஒரே ஆளுக்கு 10,000 ரூபாய்க்கு மேல் கையில் கொடுத்தால், வருமான வரிக் கணக்கில் பொதுவாக அதைச் செலவாக ஏற்க மாட்டார்கள்.

இந்த வேலைகளில் எதுவுமே கற்றுத்தராதது, ஸ்கிரிப்டைப் படித்துச் செலவைப் பார்க்கும் கண். ‘மழையில் அவள் பீச் ரோட்டில் நடக்கிறாள்’ என்று ஒரு வரி இருக்கிறது. தண்ணீர் லாரி, ரெயின் பைப், நனைந்தால் மாற்ற ஒரே மாதிரி மூன்று செட் உடை, துண்டு, ஹேர் டிரையர், அனுமதி என்று அந்த ஒரு வரி விரியும். பீச் ரோட்டில் மாலை 6 மணியிலிருந்து காலை 7.30 வரை வாகனம் விடுவதில்லை. தனி அனுமதி கிடைக்காவிட்டால் லாரியும் ஜெனரேட்டரும் பக்கத்துத் தெருவில்தான் நிற்கும். அதற்குக் கேபிளும் ஓஸ் பைப்பும் எத்தனை மீட்டர் என்று நடந்தே அளக்க வேண்டும். பகலில் எடுக்கலாம் என்றால், கடலைப் பார்த்த கட்டிட முகப்பெல்லாம் கிழக்கு நோக்கியவை, மதியத்துக்குப் பின் நிழலில் போய்விடும். இப்படி ஒவ்வொரு காட்சியையும் பிரித்து எழுதிப் பழகாதவர் எத்தனை வருடம் இருந்தாலும் லைன் புரொடியூசர் ஆகாமல் புரொடக்ஷன் மேனேஜராகவே இருப்பார் என்பது எங்கள் கருத்து. வடகிழக்குப் பருவமழை மாதங்களில், அக்டோபர் முதல் டிசம்பர் வரை, வெளிக்காட்சி ஒவ்வொன்றுக்கும் மாற்றாக ஓர் உள்காட்சியையும் தயாராக வையுங்கள்.

இத்தனையும் வந்து சேரும் இடம் தினச் செலவு அறிக்கை. அட்டவணையில் நான்கு பத்தி போதும்: பட்ஜெட், இன்றைய செலவு, இதுவரை ஆனது, முடிக்க இன்னும் எவ்வளவு. கொடுத்த பணத்தை மட்டும் எழுதுவதுதான் எல்லோரும் செய்யும் தவறு. கொடுக்க வேண்டியதையும், அதாவது நேரம் தாண்டியதற்கான பேட்டா, கடனில் வாங்கிய ஆர்ட் சாமான், ஜெனரேட்டரின் கூடுதல் மணி எல்லாவற்றையும், அன்றைக்கே ஏற்ற வேண்டும். ஜெனரேட்டருக்கு வாடகை தனி, டீசல் தனி என்று பேசியிருந்தால் காலையில் டேங்க் நிரப்பி ஹவர் மீட்டரைப் போட்டோ எடுங்கள். அன்றைய ஷூட்டிங் முடிந்து பேக்கப் ஆனதும் மறுபடி நிரப்பி இன்னொரு போட்டோ. காலையில் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டால், அதற்குள் ஜெனரேட்டர் வண்டி வேறு ஷூட்டிங்குக்குப் போயிருக்கும்.