மறைத்துச் சுமக்க எந்தக் கைத்துப்பாக்கி: வில்சன் காம்பாட் ஈடிசி எக்ஸ்9-ஆ, க்ளாக் 19-ஆ?
விசையை ஒருமுறை இழுத்துப் பார்த்தாலே மனம் வில்சன் பக்கம் சாய்ந்துவிடும். சிங்கிள் ஆக்ஷன், அதாவது சுத்தியல் முன்பே பின்னிழுத்து நிற்கும், விசை அதை விடுவிக்க மட்டுமே என்பதால் இழுப்பு அவ்வளவு குறுகியது, லேசானது. ஆனால் உடைக்குள் மறைத்து நாள் முழுக்கச் சுமப்பது வேறு கதை. இரண்டுக்கும் 9 மி.மீ. தோட்டா, குழல் ஏறக்குறைய 4 அங்குலம். எடையில்தான் வித்தியாசம்: க்ளாக்குக்குப் பாலிமர் (பிளாஸ்டிக்) சட்டகம், காலி மேகசினோடு (தோட்டா அடைக்கும் பெட்டி) சுமார் 670 கிராம், வில்சனுக்கு அலுமினியச் சட்டகம், கனம் கூடுதல். அப்புறம், வில்சனில் கட்டைவிரலால் சேஃப்டியைத் தள்ளினால்தான் சுடும், பதற்றத்தில் அது மறந்துபோகும், தினமும் பழகாதவருக்கு ஆபத்து. க்ளாக்கில் அந்த வேலை இல்லை, ஆனால் விசையை முழுதாக மூடும் கெட்டியான உறை கட்டாயம். வில்சன் விலையோ பல மடங்கு. நான் க்ளாக்கைத்தான் எடுப்பேன், மிச்சப் பணம் தோட்டாவுக்கும் பயிற்சிக்கும்.