கேமிங்குக்கென ஒரு தனிக் கணக்கு: 2012 முதல் இன்று வரையிலான பயன்பாட்டு அனுபவம்

கேம் விளையாடுவதற்கென்றே தனியாக ஒரு சமூக ஊடகக் கணக்கை நான் முதன்முதலில் தொடங்கியது 2012 இல். அப்போது சமூகத் தளங்களுக்குள் இயங்கிய கேம்கள் பெரும்பாலும் நம்முடைய நண்பர்களை நம்பியே உருவாக்கப்பட்டிருந்தன. 2009 இல் ஃபேஸ்புக்கில் வெளிவந்த ஃபார்ம்வில்லில் தோட்டத்தை விரிவாக்க வேண்டுமானால் அண்டை வீட்டாராகச் சேரும் நண்பர்கள் தேவைப்பட்டார்கள். 2012 இல் வந்த கேண்டி கிரஷ் சாகாவில் ஐந்து உயிர்களும் தீர்ந்துவிட்டால் ஓர் உயிருக்கு அரை மணி நேரம் காத்திருக்க வேண்டும், அல்லது நண்பர் யாராவது அனுப்பித் தர வேண்டும். அடுத்த பகுதிக்குள் நுழைவதற்கும் மூன்று நண்பர்களிடம் உதவி கேட்க வேண்டும். நானும் ஒரு பொத்தானை அழுத்தி எல்லோருக்கும் வேண்டுகோள் அனுப்பிக்கொண்டிருந்தேன். என் பெரியம்மா மகள் ஒரு நாள் அழைத்து, மருத்துவமனையில் இருந்த கணவரைப் பற்றி யாராவது விசாரித்திருப்பார்கள் என்று நினைத்துக் கைபேசியை எடுத்துப் பார்க்கும்போதெல்லாம் உன்னுடைய கேம் அறிவிப்புதான் வருகிறது என்று வருத்தத்தோடு சொன்னார். அன்று மாலையே இரண்டாவது கணக்கு ஒன்றைத் தொடங்கினேன்.

ஒருவர் ஒரே ஒரு தனிப்பட்ட கணக்குதான் வைத்திருக்கலாம் என்பது ஃபேஸ்புக்கின் விதி என்பது அப்போது எனக்குத் தெரியாது. தெரிந்துகொண்ட பிறகு 2013 இல் அந்தக் கணக்கை நானே மூடிவிட்டு, ஒருவரே பல கணக்குகள் வைத்திருப்பதைத் தடைசெய்யாத வேறொரு தளத்துக்கு மாறினேன். தனிக் கணக்கு வைக்க நினைப்பவர்கள் எல்லாவற்றுக்கும் முன்பு பார்க்க வேண்டியது இந்த விதியைத்தான், ஏனென்றால் எவ்வளவு கவனமாகப் பராமரித்தாலும் விதிக்குப் புறம்பான கணக்கு எந்த நாளிலும் போய்விடக்கூடும்.

இரண்டாவது முறை விதி சரியாக இருந்தது. நான் நடந்துகொண்ட விதம்தான் சரியாக இல்லை. கேமுக்கான கணக்குதானே என்ற எண்ணத்தில் பிறந்த தேதியை மனம்போனபடி கொடுத்தேன். அந்த ஒரு வேலைக்காக மட்டுமே உருவாக்கிய மின்னஞ்சல் முகவரியைப் பதிவுசெய்துவிட்டு, அதன் கடவுச்சொல்லை எங்கும் குறித்து வைக்கவில்லை. 2016 இல் கைபேசியை மாற்றிய அன்று, வழக்கத்துக்கு மாறான நுழைவு என்று கருதிய அந்தத் தளம் என்னிடம் பிறந்த தேதியையும் மின்னஞ்சலுக்கு அனுப்பிய எண்ணையும் கேட்டது. இரண்டில் ஒன்றைக்கூட என்னால் தர முடியவில்லை. அந்தக் கணக்கைக் கொண்டே நான் நுழைந்துகொண்டிருந்த ஒரு கேமில் மூன்று ஆண்டுகளாகச் சேர்த்த அனைத்தும் அதோடு போயின.

கேமில் சேர்த்தவை போனதைவிட எனக்கு வலித்தது வேறொன்று. எங்கள் கிளானில், அதாவது கேமுக்குள் சேர்ந்து விளையாடும் குழுவில், ஏறக்குறைய முப்பது பேர் இருந்தோம். அவர்களுக்கு என்னை அந்தக் கேம் பெயரில் மட்டுமே தெரியும். எனக்கும் அவர்களில் ஒருவருடைய இயற்பெயரும் தெரியாது. வாரத்தில் நான்கைந்து இரவுகள் சேர்ந்து விளையாடியவர்களிடம், நான் கோபித்துக்கொண்டு போகவில்லை, கணக்கைத்தான் இழந்துவிட்டேன் என்று சொல்வதற்குக்கூட ஒரு வழி இல்லாமல் போயிற்று. புதிய கணக்கு ஒன்றிலிருந்து இருவருக்குச் செய்தி அனுப்பிப் பார்த்தேன். என் பெயரைச் சொல்லி யாரோ ஏமாற்ற வருகிறார்கள் என்று அவர்கள் நினைத்தார்கள். அப்படி நினைத்ததில் தவறும் இல்லை. மூன்று ஆண்டுகள் கழித்து அவர்களில் ஒருவரை, விளையாடுபவர்கள் குழுக்களாகப் பேசிக்கொள்ளும் டிஸ்கார்ட் செயலியில் தற்செயலாகச் சந்தித்தபோது, என் இடத்தை இரண்டு மாதங்கள் யாருக்கும் கொடுக்காமல் வைத்திருந்ததாகச் சொன்னார். தனிக் கணக்கு என்பது கேம் அறிவிப்புகளைக் கொட்டி வைக்கும் கிடங்கு என்று அதுவரை நினைத்திருந்த எனக்கு, அந்தப் பக்கத்திலும் என்னைத் தேடும் மனிதர்கள் இருந்தார்கள் என்பது அப்போதுதான் முழுமையாக உறைத்தது.

அந்த இழப்புக்குப் பின் 2016 இறுதியில் தொடங்கிய மூன்றாவது கணக்குதான் இன்றுவரை நீடிக்கிறது. இதில் பெயரும் படமும் மட்டுமே கேமுக்குரியவை. பிறந்த தேதி உட்பட வெளியே தெரியாத விவரங்கள் எல்லாம் உண்மையானவை. இதற்கென வைத்திருக்கும் மின்னஞ்சலை மாதம் ஒரு முறையாவது திறந்து பார்க்கிறேன், ஏனென்றால் இரண்டு ஆண்டுகள் பயன்படுத்தப்படாத தனிநபர் கணக்குகளை நீக்கலாம் என்ற கொள்கையைக் கூகுள் 2023 இல் அறிவித்து, அந்த ஆண்டு டிசம்பர் முதல் நடைமுறைப்படுத்தத் தொடங்கியது. மீட்பு முகவரி மறைந்துவிட்டால் அதைச் சார்ந்த கணக்கை மீட்கவும் வழியில்லை. கடவுச்சொல்லோடு இன்னொரு எண்ணையும் கேட்கும் இருபடிச் சரிபார்ப்பைக் குறுஞ்செய்தி வழியாக அல்லாமல் அதற்கான செயலி வழியாக அமைத்திருக்கிறேன். அந்தச் செயலி கைவிட்டால் உதவும் மீட்புக் குறியீடுகளைத் தாளில் எழுதி, வீட்டின் மற்ற ஆவணங்களோடு வைத்திருக்கிறேன். கேம்களுக்குள் சமூக ஊடகக் கணக்கைக் கொண்டு நுழைவதை அறவே நிறுத்திவிட்டேன். எந்தக் கேமாக இருந்தாலும் அதன் சொந்தக் கணக்கை மின்னஞ்சல் கொடுத்து உருவாக்கிக்கொள்வதால், ஒன்று போனாலும் மற்றொன்று நிற்கும். இவற்றை அமைக்க எனக்கு ஒரு பிற்பகல் போதுமானதாக இருந்தது.

இத்தனை கவனத்துக்குப் பிறகும் தனிக் கணக்கு தனியாகவே இருக்கவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். தொடங்கிய ஒரு வாரத்துக்குள் என் அலுவலகத்தில் மேல்நிலையில் இருந்த ஒருவருக்கு இந்தக் கணக்கு, அவருக்குத் தெரிந்தவராக இருக்கக்கூடும் என்ற பரிந்துரையாகப் போயிருக்கிறது. காரணம் எளிமையானது. கைபேசி எண்ணைப் பதிவுசெய்திருந்தேன். தொடர்புகளைப் படிக்கும் அனுமதியையும் செயலிக்குக் கொடுத்திருந்தேன். என் எண்ணைத் தம் கைபேசியில் சேமித்திருந்த ஒருவர் தம்முடைய தொடர்புப் பட்டியலைப் பதிவேற்றினாலே இரண்டு முனைகளும் இணைந்துவிடும். ஆகவே தொடர்பு அனுமதியை மறுப்பது, எண்ணைக் கொண்டு என்னைத் தேடும் வசதியை அணைப்பது, ஏற்கெனவே பதிவேறிய தொடர்புகளை அழிப்பது ஆகிய மூன்றையும் செய்த பின்னரே அந்தப் பரிந்துரைகள் நின்றன. முதன்மைக் கணக்கில் இருக்கும் படத்தையோ அறிமுக வரியையோ இங்கே மீண்டும் பயன்படுத்தாமல் இருப்பதும் அதே அளவுக்கு முக்கியம். இவ்வளவு செய்தாலும், தளத்தை நடத்தும் நிறுவனத்தின் கண்ணுக்கு இரண்டும் ஒரே கருவியிலிருந்து வரும் ஒரே மனிதர்தான் என்ற தெளிவு இருக்க வேண்டும். மற்ற பயனர்களின் பார்வையிலிருந்து விலகியிருப்பது மட்டுமே இதில் கிடைக்கும்.

கேம்களும் செயலிகளும் கேட்கும் அனுமதிகளைப் பொறுத்தவரை தனிக் கணக்கின் பயன் மறுக்க முடியாதது. 2015 வரை ஃபேஸ்புக்கில் ஒருவர் ஒரு செயலிக்கு அனுமதி கொடுத்தால், அதைப் பயன்படுத்தாத அவருடைய நண்பர்களின் விவரங்களும் அந்தச் செயலிக்குக் கிடைக்க வழியிருந்தது. அரசியல் ஆலோசனை நிறுவனமான கேம்பிரிட்ஜ் அனலிட்டிகாவின் விவகாரம் 2018 இல் வெளிவந்தபோது, ஒரு வினாடி வினாச் செயலியின் வழியாக 8.7 கோடிப் பேர் வரையிலானோரின் விவரங்கள் அதனிடம் போயிருக்கலாம் என்று ஃபேஸ்புக்கே கூறியது. அந்த எண்ணிக்கையைப் படித்தபோது என் நினைவுக்கு வந்தவர் பெரியம்மா மகள்தான். நான் கண்ணை மூடிக்கொண்டு கொடுத்த அனுமதிகளின் விலையை, அந்தக் கேம்களைத் தொட்டே பார்க்காத அவரும் சேர்ந்து கொடுத்திருக்கக்கூடும் அல்லவா?

கணக்கை மாற்றி மாற்றிப் பயன்படுத்துவதில் இருக்கும் ஆபத்தை நான் ஒரு துயரமான தருணத்தில் கற்றேன். இன்ஸ்டாகிராமில் 2016 பிப்ரவரி முதல் ஒரே செயலிக்குள் ஐந்து கணக்குகள் வரை மாறிக்கொள்ளலாம். இப்போது பல தளங்களில் இந்த வசதி உண்டு. விரலால் ஒரு முறை தொட்டால் மாறிவிடும் என்பதுதான் இதன் வசதி, இதன் சிக்கலும் அதுவே. நெருங்கிய நண்பர் ஒருவர் தம் தந்தை இறந்த செய்தியை ஒரு தளத்தில் பகிர்ந்திருந்தார். அதன் கீழே நான் எழுதிய இரங்கல், கையில் கோடரி ஏந்திய ஓர் அரக்கனின் படத்தோடும் கேம் பெயரோடும் போய் நின்றது. சில நிமிடங்களில் நீக்கிவிட்டு நேரில் சென்று மன்னிப்புக் கேட்டேன். அவர் அதைப் பெரிதுபடுத்தவில்லை என்றாலும், அந்த நிமிடங்களை நினைத்தால் இன்றும் மனம் கூசுகிறது. அதன் பிறகு ஒரே செயலியில் இரண்டு கணக்குகளையும் வைப்பதில்லை. முதன்மைக் கணக்கு செயலியிலும், கேமிங் கணக்கு உலாவியில் அதற்கென உருவாக்கிய தனிப் பயனர் பகுதியிலும் இருக்கின்றன. உலாவியைத் திறந்து அங்கே போவதற்கு ஆகும் அந்தச் சில நொடிகள் எனக்குப் போதுமான தடையாக இருக்கின்றன.

இனி, இத்தனை ஆண்டுகள் இதை நான் விடாமல் வைத்திருப்பதற்கான காரணங்கள். முதலாவது, ஃபீட், அதாவது கணக்கைத் திறந்ததும் வரும் பதிவுகளின் வரிசை. நான் பின்தொடர்பவர்கள் அனைவரும் விளையாடுபவர்கள், கேம் உருவாக்குபவர்கள், விளையாடுவதை நேரலையாக ஸ்ட்ரீம் செய்பவர்கள் என்பதால், புதிய பேட்ச்சில் (கேமில் செய்யும் திருத்தத்தில்) எந்த ஆயுதத்தின் வலு குறைந்தது, சர்வர் எந்த நேரத்தில் பராமரிப்புக்குப் போகிறது என்பதையெல்லாம் தேடாமலே அறிந்துகொள்கிறேன். கதையம்சம் உள்ள பெரிய கேம் ஒன்று வெளியாகும்போது, முடிவை யாராவது போட்டுடைத்துவிடுவார்களோ என்ற கவலையில் அந்தக் கணக்கை மட்டும் இரண்டு வாரம் திறக்காமல் விட்டுவிடலாம். குடும்பத்தாரின் செய்திகள் எதுவும் தவறிப்போகாது. வேலை நெருக்கும் காலத்தில் வெளியேறி இருப்பதும் அதே அளவுக்கு எளிது. இரண்டாவது, பேச்சில் கிடைக்கும் சுதந்திரம். நாற்பது முறை நான் தோற்ற ஒரு பாஸைப் (கேமில் வரும் வலுவான எதிரியை) பற்றி, எந்த நொடியில் விலக வேண்டும் என்று நீளமாக எழுதினால், அதைப் படித்துத் தம் அனுபவத்தைச் சொல்ல அங்கே ஆட்கள் இருக்கிறார்கள். அதையே முதன்மைக் கணக்கில் எழுதும்போது, யாருக்கும் தொடர்பில்லாத ஒன்றைப் பேசி அவர்களின் நேரத்தை எடுக்கிறோமே என்ற தயக்கம் ஒவ்வொரு வரியிலும் இருந்தது.

கன்சோலில் எடுக்கும் ஸ்கிரீன்ஷாட்டுகளை அங்கிருந்தே எக்ஸ் (முன்பு ட்விட்டர்) தளத்தில் பதிவிடும் வசதி எக்ஸ்பாக்ஸ், பிளேஸ்டேஷன் ஆகியவற்றில் 2023 இலும், நின்டெண்டோ ஸ்விட்ச்சில் 2024 ஜூனிலும் நிறுத்தப்பட்டது. கைபேசிக்கு மாற்றிப் பதிவிட வேண்டியிருப்பதால் இப்போது குறைவாகவே பகிர்கிறேன்.

தனிக் கணக்கில் அறியாதவர்களின் நட்பு வேண்டுகோள்களை ஏற்றே ஆக வேண்டும் என்பதால், மோசடிகளும் அங்கேதான் அதிகம் வருகின்றன. இலவச நாணயங்கள் தருவதாகச் சொல்லும் இணைப்புகளை இன்று பலரும் அடையாளம் கண்டுகொள்கிறார்கள். மயக்கக்கூடியவை வேறு வகை: உங்களுடைய ஸ்டீம் (கணினி கேம்களை வாங்கி விளையாடும் தளம்) கணக்கைத் தவறுதலாகப் புகார் செய்துவிட்டேன், அது முடக்கப்படுவதற்குள் இந்த அதிகாரியிடம் பேசுங்கள் என்று பதற்றத்தோடு வரும் செய்தி, நானே உருவாக்கிய கேம், ஒரு முறை நிறுவி விளையாடிப் பார்த்துக் கருத்துச் சொல்லுங்கள் என்று நமக்குத் தெரிந்தவரின் திருடப்பட்ட கணக்கிலிருந்து வரும் கோப்பு. எங்கள் குழுவில் ஒருவர் இரண்டாவது வகையில் சிக்கி, ஒரே இரவில் மூன்று கணக்குகளை இழந்தார். கணக்குகளைப் பிரித்து வைத்தாலும் ஒரே கணினியில் நிறுவப்படும் தீய நிரல் எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டு போகும் என்பதால், இந்த இடத்தில் தனிக் கணக்கு நம்மைக் காக்காது. குடும்பப் படங்களும் உறவினர் பட்டியலும் அந்த அறியாதவர்களின் கண்ணில் படாமல் இருக்கும் என்ற அளவில்தான் அதன் பாதுகாப்பு.

கேமில் கிடைத்த நட்பை எப்போது முதன்மைக் கணக்குக்கு அழைத்து வருவது என்பதில் நான் மெதுவாகவே நடக்கிறேன். ஓர் ஆண்டாவது சேர்ந்து விளையாடியிருக்க வேண்டும், குரலில் பேசியிருக்க வேண்டும், தோல்வியின்போது அவர் மற்றவர்களிடம் எப்படி நடந்துகொள்கிறார் என்று பார்த்திருக்க வேண்டும். மூன்றாவதைத்தான் நான் அதிகம் நம்புகிறேன். இத்தனை ஆண்டுகளில் ஐந்து பேர் அப்படி வந்திருக்கிறார்கள். ஐவரும் இன்று என் குடும்பத்தாருக்கும் தெரிந்தவர்கள். மறுபக்கம், புனைபெயர் இருக்கிறதே என்று முதன்மைக் கணக்கில் சொல்லத் துணியாத ஒன்றை இங்கே யாரையும் நோக்கிச் சொல்வதில்லை. ஒரே பரிசுப் போட்டியில் இரண்டு கணக்குகளிலிருந்து கலந்துகொள்வதும் இல்லை.

இன்று புதிதாகத் தொடங்குபவருக்கு என் காலத்தில் இல்லாத வழிகள் இருக்கின்றன. 2023 செப்டம்பரில் ஃபேஸ்புக் ஒரே கணக்கின் கீழ் நான்கு கூடுதல் சுயவிவரங்கள் வரை வைத்துக்கொள்ள அனுமதித்தது. அவற்றுக்குத் தனித்தனி நண்பர்களும் தனித்தனி ஃபீடும் உண்டு. 2012 இல் இது இருந்திருந்தால் நான் இரண்டாவது கணக்கே தொடங்கியிருக்க மாட்டேன். ஆனால் நுழைவு ஒன்றே என்பதால் அந்த ஒன்று பறிபோனால் அனைத்தும் சேர்ந்தே போகும். டிஸ்கார்டில் மட்டும் புழங்குபவருக்கு ஒவ்வொரு சர்வரிலும் (அங்குள்ள குழுவுக்கு அந்தப் பெயர்தான்) வேறு புனைபெயர் வைத்துக்கொள்ளும் வசதியே போதும். நண்பர்கள் அனைவருமே விளையாடுபவர்களாக இருந்தால் தனிக் கணக்கு வெறும் கூடுதல் சுமை. வேலை, உறவு, கேம் மூன்றும் ஒரே பட்டியலில் கலந்து கிடக்கும் என்னைப் போன்றவர்களுக்கு, முழுமையான மீட்பு விவரங்களோடு அமைத்த தனிக் கணக்கையே நான் பரிந்துரைப்பேன். எந்தக் கிளானில் சேர்ந்தாலும், இந்தக் கணக்கு தவிர என்னை அடைய இன்னொரு வழியை இருவரிடமாவது முதல் மாதத்திலேயே கொடுத்துவிடுகிறேன்.