தோவாளைப் பூ, குருத்தோலை, 41,000 ரூபாய்: நாகர்கோவிலில் ஒரு கல்யாண மேடை

அக்கா மகள் கல்யாணத்துக்காக ஆவணியில் துபாயிலிருந்து ஊருக்குப் போயிருந்தேன். தாய்மாமன் என்பதால் மணமேடை அலங்காரம் என் பொறுப்பு. இதே வேலையைத் தலையில் ஏற்றுக்கொண்டு ஊருக்குப் போகிறவர்களுக்கு உதவும் என்று, யார் யார் என்ன செய்து கொடுத்தார்கள், எவ்வளவு ஆனது என்பதை எழுதுகிறேன்.

மண்டபத்தில் முதலில் ஒரு ஆல்பத்தை நீட்டினார்கள். எல்லா மேடையும் ஒரே அச்சு. பின்னால் வெள்ளைத் துணி, பெரிய இரும்பு வளையம், அதைச் சுற்றிப் பிளாஸ்டிக் பூ, நடுவில் கொஞ்சம் ஆர்க்கிட், ஜெர்பரா. 90,000 ரூபாய் என்றார்கள். வெளியாளைக் கூட்டி வந்தால் மண்டபத்துக்கு 10,000 ரூபாய் தனியாகக் கட்ட வேண்டுமாம். அக்கா பேசிப் பேசி அதை 5,000 ஆக்கினாள். மண்டபம் பிடிக்கும்போதே, அட்வான்ஸ் கையை விட்டுப் போவதற்கு முன், இந்த விஷயத்தைக் கேட்டு ரசீதில் எழுதி வாங்கிவிடுங்கள். அலங்காரத்துக்கு மண்டபத்தை எத்தனை மணிக்குத் திறந்து விடுவார்கள் என்பதையும் சேர்த்துக் கேளுங்கள். எங்களுக்கு முந்தின நாள் சாயங்காலம்தான் சாவி கிடைத்தது.

அரைமணி நேரத்துக்குள் தோவாளைப் பூச்சந்தைக்குப் போய்விடலாம் என்கிற ஊரில் பிளாஸ்டிக் பூவுக்குப் பணம் கொடுக்க எனக்கு மனசே வரவில்லை. விடியும் முன்பே வியாபாரம் சூடு பிடித்துவிடும் சந்தை அது. சம்பங்கியும் கோழிப்பூவும் சுற்றுவட்டாரத் தோட்டங்களிலிருந்தே வருகின்றன. அரளி சேலத்திலிருந்தும், மல்லி மதுரை, திண்டுக்கல் பக்கத்திலிருந்தும், ரோஜா ஓசூரிலிருந்தும், துளசி தென்காசி பக்கத்திலிருந்தும் வந்து இறங்குகின்றன. அங்கிருந்து பெரும்பங்கு கேரளாவுக்குப் போகிறது. அதனால் தேதி பார்க்கும்போது முகூர்த்தத்தோடு ஓணத்தையும் பார்த்துக்கொள்ளுங்கள். அத்தப்பூக்களம் போடும் பத்து நாளும் கிரேந்தி (செண்டுமல்லி), வாடாமல்லி, அரளி எல்லாவற்றுக்கும் விலை ஏறிவிடும். எங்கள் முகூர்த்தம் ஓணம் முடிந்து வந்ததால் பிழைத்தோம். மார்கழி, தை பனிக்காலத்தில் மல்லி, பிச்சியின் விலையைக் கேட்கவே வேண்டாம்.

பூ வாங்கப் பழக்கமான ஒரு ஆள் கூட வேண்டும். எங்களுக்கு வாய்த்தவர் மாலை கட்டும் ஒரு அண்ணாச்சி. என் பட்டியலை வாங்கிப் பார்த்தார். "தம்பி, கிரேந்தி, கோழிப்பூ, வாடாமல்லி எல்லாம் முந்தின நாள் காலையிலயே எடுத்துருவோம், நிக்கும். பிச்சிய மட்டும் கடைசியா பாத்துக்கலாம்" என்றார். அப்படியே செய்தோம். வாங்கியதை வீட்டுத் திண்ணையில் ஈரச் சாக்கு போட்டு மூடி வைத்து, பகல் முழுக்க அத்தைமார், சித்திமார் உட்கார்ந்து சரம் கட்டினார்கள். பிச்சி மேடைக்கு வேண்டாம், பெண்கள் தலைக்கு மட்டும் போதும் என்று முடிவு செய்ததில் நிறைய மிச்சம். மேடைக்கும் வாசலுக்கும் சேர்த்துப் பூவுக்கு ஆனது 14,000 ரூபாய்.

அதிலேயே கொஞ்சம் தாராளமாகச் செலவு செய்தது மாணிக்க மாலைக்கு. செவ்வரளியையும் வெள்ளை அரளியையும் நொச்சி இலையோடு மடித்து, பட்டையாக நெருக்கிக் கட்டுவார்கள். மாணிக்கக் கல் பதித்தது போலத் தெரியும். 2025-ல் இதற்குப் புவிசார் குறியீடு கிடைத்திருக்கிறது. மேடையின் முன் தூண் இரண்டுக்கும் ஆளுக்கொன்றாகத் தொங்கவிட்டோம். மேடையில் வேறு எதையும் குறைத்துக்கொள்ளலாம், இதைக் குறைக்காதீர்கள்.

ஆனால் மேடையை மேடையாக்கியது குருத்தோலைதான். நம் பக்கத்தில் கோயில் திருவிழாவைக் கொடை என்போம்; அம்மன் கொடைக்கும் மாடன் கொடைக்கும் பந்தலில் குருத்தோலை வேலை செய்கிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள். கல்யாணத்துக்கு அவர்களைக் கூப்பிடுகிறவர்கள் குறைந்துவிட்டார்கள், அவ்வளவுதான். அப்பாவும் மகனுமாக இரண்டு பேர் ராத்திரி எட்டு மணிக்கு வந்தார்கள். கத்தியும் ஈர்க்குக் கட்டும்தான் கையில். பின்புறச் சட்டம் முழுவதற்கும் ஓலையைப் பாய் போலப் பின்னி அடித்தார்கள். அதன் விளிம்பில் கிளி, கீழே பந்து, வாசலுக்குத் தோரணம். அந்த இளமஞ்சள் ஓலைக்கு முன்னால் சிவப்புக் கோழிப்பூச் சரம் இறங்கியபோது அக்கா அப்படியே நின்றுவிட்டாள். ஓலை விலை, மரம் ஏறிய கூலி, அவர்கள் கூலி எல்லாம் சேர்த்து 8,000 கேட்டார்கள். நான் பேரம் பேசவில்லை. குருத்து வெட்டினால் தென்னைக்குப் பாதிப்பு உண்டு, தோப்புக்காரர் சும்மா விட மாட்டார். அப்புறம் இரண்டு பேர் ராத்தூக்கம். மகன் சென்னையில் வேலை தேடிக்கொண்டிருக்கிறான் என்று அப்பா சொன்னார். இந்த வேலைக்கு மாதம் நாலு கல்யாணம் கிடைத்தால் போகமாட்டான் என்றும் சொன்னார். நம்மைப் போல வெளியிலிருந்து வருகிறவர்கள் இவர்களைத் தேடிப் போக வேண்டும் என்று நான் விரும்புவது இதனால்தான். ஏதாவது கொடை நடக்கும் கோயிலில் விசாரித்தால் ஆள் கிடைத்துவிடுகிறது.

வாசலுக்குக் குலையோடு வாழைமரம் இரண்டு, கமுகம்பாளை, செவ்விளநீர்க் குலை. போக்குவரத்து தவிர 4,000 ரூபாய். வண்டிக்கு 3,000. பந்திக்கூடத்துக்கு எதுவும் செய்யவில்லை, யாரும் கேட்கவும் இல்லை.

துணியும் விளக்கும் வாடகைக்கு எடுத்ததில் 7,000 ரூபாய். இந்த இடத்தில்தான் கவனம் வேண்டும். விளக்குக்காரர் வழக்கம்போல நீலமும் ஊதாவும் கலந்து அடித்தார், ஓலை செத்த நிறத்துக்குப் போய்விட்டது. மஞ்சள் விளக்கு மட்டும் போடச் சொன்னேன். போட்டோக்காரர் முதலில் மறுத்தார், ஒரு படம் எடுத்துப் பார்த்துவிட்டுச் சரி என்றார். விளக்கு பேசும்போதே மஞ்சள் என்று சொல்லிவிடுங்கள், நடு ராத்திரியில் மாற்று விளக்கு தேடுவது கஷ்டம்.

மண்டபத்துக்குக் கட்டிய 5,000-த்தையும் சேர்த்து மொத்தம் 41,000 ரூபாய். கல்யாண மாலை, பெண்கள் தலைப்பூ இதில் சேராது, அது தனிக்கணக்கு. ஆல்பத்தில் சொன்ன தொகையில் பாதிகூட இல்லை. ஆனால் வீட்டில் சரம் கட்ட ஆள் இல்லாதவர்கள் கட்டுக்கூலியையும் கணக்கில் வைத்துக்கொள்ளுங்கள். தோவாளையிலேயே கட்டித் தருகிறவர்கள் உண்டு, முகூர்த்த நாள் என்றால் ஒரு வாரம் முன்பே சொல்லிவைக்க வேண்டும்.