பிரெட்னிசலோன் 5 மி.கி.: குளிசைக்கு முழு மதிப்பெண், உறைக்கு இல்லை

பிரெட்னிசலோன் ஒரு சின்ன வெள்ளைக் குளிசை, அழற்சியை அடக்கும் ஸ்டீரொயிட் மருந்து. நாக்கில் பட்டால் கசக்கும். டொக்டரின் துண்டோடு போனால் வெள்ளவத்தை காலி வீதிப் பாமசிகளிலும் கிடைக்கும், அரச மருந்துக்கடையான ஒசுசலவிலும் கிடைக்கும். தொய்வுக்கு ஒரு டொக்டர், மூட்டுவாதத்துக்கு இன்னொருவர், பிள்ளையின் சிறுநீரக வருத்தத்துக்கு வேறொருவர் என்று இந்த ஒரே குளிசையை ஆளாளுக்கு ஒரு கணக்கில் எழுதுவார்கள். மருந்தில் பெரிய குறை சொல்ல முடியாது. அது கைக்கு வந்து சேரும் விதத்தில்தான் குறை.

முதலில் அந்த 5 மி.கி. கணக்கு. சிறுநீரகங்களின் மேல் தொப்பி போட்டதுபோல் உட்கார்ந்திருக்கும் அதிரீனல் சுரப்பிகள் நாளொன்றுக்குச் சுரக்கும் கோர்ட்டிசோல் ஓமோனின் வேலையை ஏறத்தாழ ஒரு குளிசை செய்துவிடும். அப்படியானால், பாமசியில் குளிசை போட்டுத் தரும் தாள் உறையில் ‘காலை 6’ என்று எழுதியிருந்தால் ஆறு நாள் சரக்கு ஒரே விடியலில் உள்ளே போகிறது. நல்லதும் கெட்டதும் அங்கிருந்துதான் தொடங்குகிறது.

விழுங்கிய மருந்து கலத்துக்குள் நுழைந்து, அங்கே காத்திருக்கும் ஏற்பி ஒன்றைப் பிடித்துக்கொண்டு கருவுக்குள் போகிறது. அழற்சியைக் கிளப்பும் புரதங்களைச் செய்யச் சொல்லும் மரபணுக்களின் வாயை அடைக்கிறது. அமர்த்தும் புரதங்களைக் கூடுதலாகச் செய்ய வைக்கிறது. மரபணு வழியாகப் போகும் வேலை என்பதால் சில மணி நேரம் பிடிக்கும். தொய்வு இழுக்கும்போது ஒன்றை விழுங்கிவிட்டு அரை மணியில் மூச்சு வரவில்லையே என்று இன்னொன்றை எடுப்பது வீண். அந்த நேரத்துக்குரியது மூச்சுக்குழாயை உடனே விரிக்கும் சல்பியூட்டமோல். குளிசை ஏழெட்டு மணி நேரத்துக்குப் பிறகு வரக்கூடிய இழுப்பைத் தடுக்கத்தான்.

வேலை செய்யும் இடங்களில் இது அபாரமாக வேலை செய்யும். பெரியவர்களின் கடும் தொய்வுக்கு வழக்கமாக நாளுக்கு 40 முதல் 50 மி.கி., அதாவது 8 முதல் 10 குளிசை, 5 முதல் 7 நாள். பின்பு ஒரேயடியாக நிறுத்தலாம், படிப்படியாகக் குறைக்கத் தேவையில்லை. முகம் ஒரு பக்கம் இழுத்துப்போகும் பெல்ஸ் வாதத்துக்கு 72 மணி நேரத்துக்குள் தொடங்கினால்தான் முழுப் பலன். எண்ணெய் பூசிப் பார்ப்போம் என்று நான்கு நாள் கடத்தினால் அந்தக் கதவு சாத்தப்பட்டுவிடும். ஐம்பது கடந்தவருக்குப் புதிதாக நெற்றிப்பொட்டில் வலி, தலை சீவினால் தோல் நோகிறது, மெல்லும்போது தாடை பிடிக்கிறது என்றால் அது கண்பார்வையைப் பறிக்கும் தமனி அழற்சியாக இருக்கலாம்; அதற்கு 40 முதல் 60 மி.கி. அன்றைக்கே தொடங்குவார்கள்.

1948இல் அமெரிக்காவின் மாயோ கிளினிக்கில், மூட்டுவாதத்தால் முடங்கிக் கிடந்த ஒரு பெண்ணுக்கு இதன் மூத்த உறவான கோர்ட்டிசோனைச் சில நாள் ஊசியாகப் போட்டார்கள், எழுந்து நடந்தார். 1950இல் நோபல் பரிசே வந்துவிட்டது. வீங்கிய முகங்களும் நொந்த எலும்புகளும் பின்னாலேயே வந்தன.

டெங்குக்கு இது மருந்தல்ல என்பதைக் கொழும்பில் தனியாகச் சொல்ல வேண்டியிருக்கிறது. காய்ச்சலை இறக்கிக் காட்டும், நோயை இறக்காது. ‘காய்ச்சல் குளிசை’ என்று கலந்து கட்டிய பொட்டலத்தில் இதுவும் வலிக்குக் கொடுக்கும் டைக்ளோஃபெனக்கும் சேர்ந்திருந்தால் இரைப்பையில் இரத்தம் கசிய வழி திறக்கிறது. காய்ச்சலுக்குப் பரசிற்றமோல், நீராகாரம், இரத்தப் பரிசோதனை. அதற்கு மேல் டொக்டர் சொல்லட்டும்.

இனி உறை. சின்னத் தாள் உறை, மேலே பேனாவால் ‘6 – 0 – 0’. இதற்குள்தான் பிழைகள் எல்லாம் இருக்கின்றன. ஆறையும் காலையில் ஒன்றாக எடுக்க வேண்டும் என்பது அந்த மூன்று எண்களின் பொருள். பலர் ‘ஒரே நேரத்தில் ஆறா?’ என்று பயந்து காலை இரண்டு, பகல் இரண்டு, இரவு இரண்டு என்று தாங்களே பிரித்துவிடுகிறார்கள். இரவுக் குளிசை இரண்டு வேலை செய்யும்: நித்திரையைக் கெடுக்கும், விடியற்காலையில் சுரப்பி தானாகச் சுரப்பதையும் அமுக்கும். உடலின் சொந்தக் கோர்ட்டிசோல் உச்சத்தில் இருப்பது காலையில். ஆகவே 9 மணிக்கு முன், இடியப்பமோ பாணோ சாப்பிட்ட கையோடு முழுவதையும் எடுப்பதே சரி.

அடுத்தது குறைப்பு. மூன்று வாரத்துக்கு மேல் எடுத்தவர், அல்லது 40 மி.கி.க்கு மேல் ஒரு வாரம் தாண்டி எடுத்தவர் திடீரென நிறுத்தக் கூடாது. வெளியிலிருந்து தாராளமாக வருகிறது என்று மூளை கண்டுகொண்டால் சுரப்பிக்கு அனுப்பும் கட்டளையை நிறுத்திவிடும். வேலை இல்லாத சுரப்பி சுருங்கும். குளிசை நின்ற மறுநாளே அது விழித்துக்கொள்ளாது, மாதக்கணக்கு ஆகலாம். இடைப்பட்ட காலத்தில் களைப்பு, ஓங்காளம், எழுந்து நின்றால் தலைச்சுற்று, பிரஷர் விழுதல். கவனிக்காவிட்டால் உயிருக்கே ஆபத்து.

வாரத்துக்கு ஒன்றாக 6 இலிருந்து 1 வரை குறைத்தால் மொத்தம் 147 குளிசை. இந்த எண்ணைப் பாமசியிலேயே கேட்டு வாங்குவது நல்லது. முப்பது குளிசை வாங்கி, ‘முடிஞ்சு போச்சு, வருத்தமும் சுகம்’ என்று நிறுத்தியவர்கள்தான் பின்பு அவசரப் பிரிவில் நிற்கிறார்கள். மாதக்கணக்கில் எடுத்தவருக்குக் கடைசி ஒரு குளிசைதான் மிகக் கடினமான படி. 30 இலிருந்து 25க்கு இறங்குவது ஆறில் ஒரு பங்கு. 5 இலிருந்து பூச்சியத்துக்கு இறங்குவது முழுப் பங்கு. அங்கே 1 மி.கி. வீதம் இறக்குவது வழக்கம். கோடு போட்ட சாதாரண குளிசையானால் பாதியாக உடைத்து 2.5 ஆக்கலாம். குடலில் கரையும் பூச்சுப் போட்டதை உடைக்கக் கூடாது. பூச்சின் பயனே போய்விடும்.

பக்க விளைவுகள் ஒரே நாளில் வருவதில்லை. முதல் சில நாளில் பசி கூடும், நித்திரை குறையும், சிலருக்குக் காரணமில்லாத கோபமோ உற்சாகமோ வரும். சில வாரங்களில் முகம் உப்பும். கண்புரை மெதுவாக வரும். எலும்புத் தேய்வு முதல் ஆறு மாதத்திலேயே வேகமாக நடக்கிறது என்பதால், மூன்று மாதத்துக்கு மேல் எடுக்கப்போகிறவர் கல்சியம், விற்றமின் டி, எலும்பு மருந்து பற்றித் தொடக்கத்திலேயே கேட்க வேண்டும். நெத்தலி நல்லது, கருவாடு வேண்டாம். உப்பு நீரைத் தேக்கும்.

சீனி வருத்தத்தில் ஒரு பொறி இருக்கிறது. காலை 8 மணிக்கு எடுத்த குளிசை மத்தியானத்துக்குப் பிறகுதான் சீனியை ஏற்றும், இரவு வரை நிற்கும், விடியுமுன் இறங்கும். வெறுவயிற்றில் விரலைக் குத்தினால் எண் அழகாக இருக்கும். பகல் சோற்றுக்கு இரண்டு மணி நேரம் கழித்து, அல்லது இரவுச் சாப்பாட்டுக்கு முன் குத்தினால்தான் உண்மை தெரியும்.

நோயெதிர்ப்பு அடங்குவதால் பழைய காசநோய் கிளம்பலாம். கொப்புளிப்பான் வராதவருக்கு இப்போது வந்தால் கடுமையாக அடிக்கும். வெறுங்காலோடு மண்ணில் நடக்கும்போது தோலால் நுழைந்து குடலில் வருடக்கணக்கில் சத்தமில்லாமல் கிடக்கும் நூல் போன்ற ஒரு புழுவும் உண்டு. அதிக அளவு ஸ்டீரொயிட் கொடுத்தால் அது உடம்பெல்லாம் பரவி உயிரை எடுக்கும். நம்முடையது போன்ற வெப்ப நாட்டில், நீண்டகாலம் தொடங்குமுன் இதைப்பற்றி டொக்டரிடம் கேட்பதில் வெட்கமில்லை.

ஒப்பிட வேண்டியவை சில. டெக்சாமெதசோன் என்ற இன்னொரு ஸ்டீரொயிட் 0.75 மி.கி. ஏறத்தாழ இந்த ஒரு குளிசைக்குச் சமம். கடையில் ‘அது இல்லை, இது இருக்கு’ என்று ஒன்றுக்கு ஒன்று மாற்றினால் கணக்குத் தவறும். டெக்சாமெதசோன் உடலில் அதிக நேரம் நின்று சுரப்பியையும் கூடுதலாக அமுக்கும். தொய்வுக்கு மூச்சில் இழுக்கும் பம்ப்பைப் பற்றிய பயம் விசித்திரமானது: பெக்லோமெதசோன் என்ற ஸ்டீரொயிட் பம்ப்பின் ஓர் அழுத்தலில் வருவது 100 மைக்ரோகிராம் போல, ஒரு பிரெட்னிசலோன் குளிசையில் 5000. மருந்துகள் வேறு, எடைக்கு எடை நிறுக்க முடியாதுதான். ஆனாலும் நேரே நெஞ்சுக்குப் போகும் பம்ப்பை ‘பழகிப்போகும்’ என்று ஒதுக்கிவிட்டு மாதத்துக்கு ஒருதரம் குளிசை விழுங்குவது தலைகீழ்க் கணக்கு. பம்ப் அடித்ததும் வாய் கொப்புளித்துத் துப்பினால் வாய்ப்புண் குறையும். முகம் வெளுக்க என்று விற்கும் என்ன சேர்த்தது என்ற பட்டியல் இல்லாத கிரீம்களில் இதே குடும்பத்துக் குளோபெட்டசோல் இருக்கலாம். முதல் மாதம் பளபளப்பு, பின்பு தோல் மெலிந்து இரத்தக் குழாய்கள் தெரியும், பருக்கள் வெடிக்கும்.

நீண்டகாலம் எடுப்பவர் பர்ஸில் ஓர் அட்டை வைத்திருக்க வேண்டும்: மருந்தின் பெயர், அளவு, தொடங்கிய திகதி. தமிழில் மட்டும் எழுதாமல் ஆங்கிலத்திலும் சிங்களத்திலும் எழுதுங்கள். மயங்கிக் கிடக்கும்போது படிப்பவர் யாராக இருக்குமோ. வாந்தியால் குளிசை வயிற்றில் தங்காவிட்டால் வீட்டில் காத்திருக்காமல் ஆஸ்பத்திரிக்குப் போய், ஸ்டீரொயிட் எடுப்பதைச் சொல்லி, ஹைட்ரோகோர்ட்டிசோன் ஊசி கேட்க வேண்டும்.

குளிசையை வாங்கும்போது, அது பதிந்திருக்கும் அட்டையோடு கேளுங்கள். உதிரிக் குளிசை தாள் உறையில் கொழும்புப் புழுக்கத்தை வாங்கிக்கொள்ளும். அட்டையை வெட்டித் தரும்போது கத்தரி எங்கே போகிறது என்று பாருங்கள்: காலாவதித் திகதி அச்சிட்ட ஓரம் பெரும்பாலும் கடைக்காரரின் பெட்டிக்குள்ளேயே தங்கிவிடும். அந்த ஓரத்துண்டைக் கேட்டு வாங்குங்கள், அல்லது திகதியை உறையில் எழுதச் சொல்லுங்கள், ‘6 – 0 – 0’ பக்கத்தில் ‘காலை ஒரே தரம்’ என்பதையும் சேர்த்து.