மேயர் ஜெரோமின் பித்தளைக் கடிகாரம்: ஓராண்டுப் பயன்பாட்டுக்குப் பின்

சென்ற ஆண்டு அமெரிக்காவின் கனெக்டிகட் மாநிலத்தில் ஒரு பழம்பொருள் கடையில் வாங்கிய சுவர்மாடக் கடிகாரத்தின் கதவைத் திறந்தால், உட்பலகையில் ஒட்டிய பழுப்பேறிய தாளில் அக்காலக் கடிகாரத் தயாரிப்பாளர் சான்சி ஜெரோமின் பெயரும் நியூ ஹேவன் என்ற ஊரும் அச்சாகியிருப்பதைக் காணலாம். வயதைக் கணிக்க அந்த ஊர்ப்பெயர் உதவுகிறது. 1845இல் அதே மாநிலத்துப் பிரிஸ்டலில் இருந்த அவருடைய தொழிற்சாலை எரிந்துபோன பிறகுதான் இயந்திரம் செய்யும் வேலையும் நியூ ஹேவனுக்கு இடம் மாறியது.

ஏறத்தாழ 26 அங்குல உயரமுள்ள பைன் மரப்பெட்டி, அதன்மேல் மஹாகனி மரத்தின் மெல்லிய ஒட்டு, கதவைச் சுற்றி எஸ் எழுத்தைப் போல் வளைந்த சட்டம். அந்த வளைவினாலேயே இவ்வகைக்கு ஓஜி என்று பெயர். உள்ளே இரண்டு வார்ப்பிரும்புக் குண்டுகள் கயிற்றில் தொங்குகின்றன. வலப்பக்கத்துக் குண்டு முட்களை ஓட்டுகிறது. இடப்பக்கத்துக் குண்டு மணியடிக்கிறது. ஒருமுறை சாவி கொடுத்தால் 30 மணி நேரம் ஓடும் என்பதால் நாள் தவறாமல் கொடுத்தாக வேண்டும்.

இதன் சிறப்பு பித்தளைச் சக்கரங்களில் இருக்கிறது. 1793இல் கொல்லர் ஒருவரின் மகனாகப் பிறந்து, 11 வயதில் தந்தையை இழந்து, தச்சு கற்ற ஜெரோம், 1816இல் கடிகாரத் தயாரிப்பாளர் ஈலை டெர்ரியிடம் கடிகாரப் பெட்டிகள் செய்யச் சேர்ந்தார். அக்காலத்து மலிவான கடிகாரங்களின் சக்கரங்கள் மரத்தாலானவை. ஈரம் பட்டால் உப்பி இறுகிவிடும் அவற்றைக் கடல் கடந்து அனுப்புவது வீண் வேலை. 1837ஆம் ஆண்டின் வணிக நெருக்கடியில் தொழில் படுத்திருந்தபோது, தகட்டுப் பித்தளையை அச்சில் வெட்டி ஒருநாள் கடிகாரத்தை மலிவாகச் செய்யலாம் என்ற எண்ணம் அவருக்கு உதித்தது. அதற்கு இயந்திர வடிவம் தந்தவர் அவருடைய சகோதரர் நோபிள் ஜெரோம். என் கடிகாரத்தின் முகப்பு நடுவே உள்ள திறப்பில் விளக்கைப் பிடித்துப் பார்த்தேன். சக்கரங்களைத் தாங்கும் தகடுகளில்கூடத் தேவையற்ற இடங்களையெல்லாம் வெட்டி எடுத்திருக்கிறார்கள். சான்சியின் சிக்கனத்தை அதைவிடத் தெளிவாக எந்த வாழ்க்கை வரலாறும் சொல்லிவிட முடியாது.

1842இல் இங்கிலாந்துக்குச் சரக்கு அனுப்பியபோது, அங்கிருந்த சுங்க அதிகாரிகள் விலையைக் குறைத்துக் காட்டியிருப்பதாகக் கருதி, குறிப்பிட்ட விலையோடு பத்து விழுக்காடு சேர்த்துக் கொடுத்துச் சரக்கையே எடுத்துக்கொண்டார்கள். ரொக்கமாகப் பணம் வந்த மகிழ்ச்சியில் ஜெரோம் அடுத்த கப்பலையும் அனுப்ப, அதையும் எடுத்துக்கொண்டார்கள்; மூன்றாவதைத்தான் விட்டார்கள். 1854இல் நியூ ஹேவனின் மேயரான அவர், அடுத்த ஆண்டே பொதுமக்கள் கேளிக்கைக் காட்சிகளால் புகழ்பெற்ற பி. டி. பார்னம் தொடர்புடைய கடிகார நிறுவனம் ஒன்றைத் தம் நிறுவனத்தோடு இணைத்ததில் சிக்கிக்கொண்டார். நிறுவனம் திவாலானது, பார்னமும் நொடித்துப்போனார். ஒருவர் மேல் மற்றவர் பழி போட்டார்கள். 1860இல் தம் கதையைத் தாமே எழுதி வெளியிட்ட ஜெரோம், 1868இல் வறுமையில் இறந்தார்.

குறைகளையும் சொல்ல வேண்டும். அசல் என்று கடைக்காரர் அடித்துச் சொன்ன கீழ்க்கண்ணாடிச் சித்திரம் ஆறே மாதத்தில் உரிந்தது; பார்த்தால் பின்னால் ஒட்டிய இக்காலத்து அச்சுத்தாள். அது ஜெரோமின் குற்றமன்று. வாங்குவோர் உட்பலகைத் தாளைப் பார்க்கும் அக்கறையோடு கண்ணாடியையும் பார்க்க வேண்டும். மணியடிக்கும் பகுதி முட்களோடு சேர்ந்து இயங்காமல் தன் வரிசைப்படி எண்ணிக்கொண்டு போவதால், குண்டு ஒருநாள் முன்கூட்டியே தரைதட்டினால் மூன்று மணிக்கு ஐந்து அடிக்கும். இயந்திரத்துக்கு அடியில் தொங்கும் கம்பியை விரலால் தூக்கித் தூக்கி, சரியான எண்ணிக்கை வரும்வரை அடிக்கவிட வேண்டும். நேரம் வாரத்துக்கு நாலைந்து நிமிடம் பிந்தியது. ஊசல்குண்டைச் சற்று உயர்த்தியதும் ஒரு நிமிடத்துக்குள் வந்துவிட்டது. நான் கொடுத்த விலைக்கு இது எனக்குப் போதும். இரவில் மணியாக ஒலிக்கும் சுருள்கம்பியின் கணீரென்ற ஓசை தூக்கத்தைக் கெடுத்தால், இடப்பக்கத் துளைக்குச் சாவி கொடுக்காமல் விட்டுவிடலாம். முட்கள் ஓடிக்கொண்டுதான் இருக்கும்.