ஆறு வருடமாக செதகாயா லைனில்

முதலில் குறையைச் சொல்லிவிடுகிறேன். டோக்கியோவின் இந்த செதகாயா லைன் ரயில் மெதுவானது. சங்கென்ஜாயாவிலிருந்து ஷிமோதகாய்தோ வரை மொத்தமே 5 கிலோமீட்டர்தான், ஆனால் போய்ச் சேர 17, 18 நிமிடம் ஆகும். சைக்கிளை நன்றாக மிதிப்பவர் கூடவே வந்துவிடுவார். இருப்பதும் இரண்டே பெட்டி. டோக்கியோவின் மற்ற ரயில்களுக்குப் பழகியவர்களுக்கு விளையாட்டுச் சாமான் மாதிரித் தெரியும். நானோ சைக்கிளை வீட்டில் வைத்துவிட்டு இதில்தான் வேலைக்குப் போய்வருகிறேன்.

ஏறும் முறையை முதல் நாளே தெரிந்துகொள்வது நல்லது. இரு முனைகளைத் தவிர நடுவிலுள்ள எட்டு ஸ்டேஷன்களிலும் முன்கதவு, பின்கதவு வழியாக ஏற வேண்டும். ஏறும்போதே பயணக் கார்டைத் தட்ட வேண்டும், அல்லது சில்லறையைப் பெட்டியில் போட வேண்டும். நடுக்கதவுகள் இறங்குவதற்கு மட்டும். நான் முதல் நாள் நடுக்கதவுக்கு நேராகப் போய் நின்றேன். இறங்கியவர்கள் ஒவ்வொருவராக எனக்குத் தலை வணங்கி, விலகிப் போனார்கள். அப்போதும் புரியவில்லை. கடைசியில் ஒரு பாட்டி என் சட்டைக் கையைப் பிடித்து இழுத்துப் பின்கதவைக் காட்டினார்.

எங்கே இறங்கினாலும் கட்டணம் 160 யென். கடைசிவரை போனால் மலிவு, ஒரே ஒரு ஸ்டேஷனுக்கு என்றால் நடந்துவிடலாம். பகலில் ஆறு நிமிடத்துக்கு ஒரு வண்டி வருவதால் நான் நேர அட்டவணையைப் பார்ப்பதே இல்லை. நடைமேடையும் வண்டியின் தரையும் ஒரே மட்டம். மாடிப்படி ஏறி இறங்கும் வேலையும் கிடையாது. முட்டிவலி வந்த வருடம்தான் இதன் அருமை தெரிந்தது.

வகபாயாஷி பக்கத்தில் கன்னானா என்ற பெரிய சாலை குறுக்கே வரும். அங்கே ரயில்வே கேட் கிடையாது. கார்கள் போகட்டும் என்று ரயில்தான் சிவப்பு விளக்கில் நிற்கும்! புதிதாக ஏறியவர்கள் என்ன ஆயிற்று என்று எட்டிப் பார்ப்பார்கள். நாங்கள் போனை நோண்டிக்கொண்டிருப்போம்.

இது 1925-ல் திறந்த கிளைப் பாதை. ஷிபுயாவிலிருந்து சாலையிலேயே ஓடிய தாய்ப்பாதையை 1969-ல் மூடிவிட்டார்கள். இந்தக் கிளைக்குச் சொந்தத் தண்டவாள நிலம் இருந்ததால் பிழைத்துக்கொண்டது. அந்தக் காலத்துப் பச்சைப் பெட்டி ஒன்று மியானோசாகா ஸ்டேஷனை ஒட்டி நிற்கிறது, உள்ளே போய் உட்காரலாம். எப்போதாவது வரும் வெயில் நாட்களில் நான் அங்கே சாப்பாட்டு டப்பாவைத் திறந்ததுண்டு.

அதே ஸ்டேஷனில் இறங்கினால் கோதோகுஜி கோயில், கையைத் தூக்கி நிற்கும் வெள்ளைப் பூனைப் பொம்மைகளுக்குப் பேர்போனது. அதற்காகவே பூனை முகம் வரைந்த ஒரு வண்டி ஓடுகிறது. கைப்பிடிகூடப் பூனை வடிவம்தான். சுற்றுலா வருபவர்கள் அதற்காகக் காத்திருந்து ஏறுகிறார்கள். எனக்கு அது வந்தால் ஒரே கவலைதான், உட்கார இடம் இருக்காது.

2019 மார்ச் முதல் முழுக்கப் புதுப்பிக்கத்தக்க மின்சாரத்தில் ஓடுகிறதாம். பயணிக்கு அதில் வித்தியாசம் ஒன்றும் தெரியாது.

காலை நெரிசலில் பை, குடை எல்லாவற்றையும் மார்போடு அணைத்துக்கொள்ள வேண்டும். பழகிவிடும். பழகாதது போரோஇச்சி சந்தை நாட்கள்தான்: டிசம்பர் 15, 16, ஜனவரி 15, 16. 1578-ல் தொடங்கிய சந்தை என்பதால் ஊரே திரண்டு வரும். சந்தைக்குப் பக்கத்திலுள்ள கமிமாச்சி ஸ்டேஷனில் ஏறவும் முடியாது, இறங்கவும் முடியாது. அந்த நான்கு நாளும் நான் சைக்கிளைத் துடைத்து எடுத்துவிடுவேன்.