கூப்பரா, கிளிஃபர்டா? நான் கூப்பர் கட்சி

அயர்லாந்தின் தென்மேற்கில் கெர்ரி கவுண்டி (நம்ம ஊர் மாவட்டம் மாதிரி), அதில் கிலார்னி என்று ஒரு ஊர். ஊருக்குள்ளேயே இருக்கும் கிளப் டாக்டர் குரோக்ஸ். ஊரைத் தாண்டிக் கொஞ்ச தூரம் போனால் ஃபோஸா என்ற சின்னக் கிராமம், அதற்கும் ஒரு கிளப். கேலிக் கால்பந்தில் கடந்த 25 வருடங்களில் வந்த மிகச் சிறந்த ஃபார்வர்ட் யார் என்று கேட்டால் வாக்குவாதம் பெரும்பாலும் இந்தச் சில கிலோமீட்டருக்குள்ளேயே முடிந்துவிடும்: குரோக்ஸின் கொலம் கூப்பரா, ஃபோஸாவின் டேவிட் கிளிஃபர்டா?

இந்த ஆட்டம் தெரியாதவர்களுக்கு ஒரு நிமிடம். அணிக்கு 15 பேர், பந்தைக் கையாலும் பிடிக்கலாம், காலாலும் உதைக்கலாம். வலைக்குள் போனால் கோல், அதற்கு 3 பாயிண்ட். குறுக்குக் கம்பத்துக்கு மேலே போனால் 1 (2025 முதல் தூரத்திலிருந்து அடித்தால் 2, அதைப் பின்னால் சொல்கிறேன்). ஸ்கோரை 1-5 என்று எழுதினால் ஒரு கோல், ஐந்து பாயிண்ட், ஆக மொத்தம் 8. முக்கியமான விஷயம், யாருக்கும் சம்பளம் கிடையாது. 80,000 பேர் முன்னால் ஞாயிற்றுக்கிழமை ஆடிவிட்டு கூப்பர் வங்கி வேலைக்குப் போனார், கிளிஃபர்ட் பள்ளியில் பாடம் எடுக்கிறார். பெரிய அணி பணம் கொடுத்து வாங்கிக்கொண்டு போகிற கதையும் இங்கே இல்லை, சொந்த ஊர் கிளப்புக்கும் சொந்தக் கவுண்டிக்கும்தான் ஆட்டம், இவர்கள் இருவருக்கும் கவுண்டி கெர்ரிதான். அதனால்தான் இந்தச் சண்டை இவ்வளவு சூடாக நடக்கிறது.

சரி, ஆட்களைப் பார்ப்போம். கூப்பர் ஒல்லி, செம்பட்டை முடி, பார்த்தால் டிஃபெண்டர் ஒரு தட்டு தட்டினால் விழுந்துவிடுவார் போலிருப்பார். பட்டப்பெயர் கூச், ஏதோ ஒரு பொம்மையின் பெயரிலிருந்து வந்தது (தமிழில் எழுதினால் கூச்சம் மாதிரி இருக்கிறது, ஆடுகளத்தில் அது கொஞ்சமும் கிடையாது). கிளிஃபர்ட் நேர் எதிர். நல்ல உயரம், அகன்ற தோள், இடது கால். உயரப் பந்தை எட்டிப் பிடிப்பார், திரும்புவார், அடிப்பார். தடுக்கிறவருக்கு என்ன நடக்கப்போகிறது என்று முன்னாலேயே தெரியும், தெரிந்தும் ஒன்றும் செய்ய முடியாது.

கிளிஃபர்ட் யார் என்று ஒரே ஆட்டத்தில் சொல்ல வேண்டுமென்றால் 2017 மைனர் (18 வயதுக்கு உட்பட்டவர்கள்) இறுதிப்போட்டியைத்தான் சொல்வேன். எதிரணி டெரி. அவர் மட்டும் அடித்தது 4-4, அதாவது 16 பாயிண்ட். டெரி அணி மொத்தமாக அடித்தது 1-8, அதாவது 11. பள்ளிப் பையன் ஒருவன் தனியாக ஒரு கவுண்டியையே தோற்கடித்தான் என்றால் ஆஸ்திரேலியக் கால்பந்து கிளப்புகள் சும்மா இருக்குமா? வலை வீசினார்கள், பையன் அசையவில்லை. அடுத்த வருடமே கெர்ரி சீனியர் அணிக்குள் வந்தார், முதல் சீசனிலேயே ஆல் ஸ்டார் விருது (அந்த வருடத்தின் சிறந்த 15 பேருக்குக் கொடுப்பது). கூப்பரும் அப்படித்தான், 2002-ல் வந்த வேகத்தில் ஆல் ஸ்டார். இதில் சமம்.

பதக்கக் கணக்கில் கூப்பர் முன்னால் இருக்கிறார். 2004, 2006, 2007, 2009 என கவுண்டி அணிகள் மோதும் அகில அயர்லாந்துப் போட்டியில் நான்கு பட்டங்களைக் களத்தில் ஆடி வென்றவர். 2014-ல் கெர்ரி மறுபடி ஜெயித்தபோது அவர் முழங்கால் காயத்தோடு வெளியே இருந்தார், அதை நான் எண்ணவில்லை. மொத்தம் 8 ஆல் ஸ்டார். கிளிஃபர்டுக்கு 2022, 2025 என்று இரண்டு பட்டம், ஆனால் 2022, 2023, 2025 மூன்று வருடமும் ஆண்டின் சிறந்த வீரர் அவர்தான். 1999-ல் பிறந்தவர், இன்னும் ஆடிக்கொண்டிருப்பவர், ஆகவே இந்தக் கணக்கை வைத்து யாரும் மார்தட்ட வேண்டாம்.

கிளிஃபர்ட் ரசிகர்கள் இறுதிப்போட்டி ஸ்கோர்களைத் தூக்கிக்கொண்டு வருவார்கள். 2022-ல் கால்வேக்கு எதிராக 8, 2025-ல் டோனகலுக்கு எதிராக 9, அதிலும் முதல் பாதி முடிகிற ஹூட்டர் நேரத்தில் தூரத்திலிருந்து அடித்த அந்த இரட்டைப் பாயிண்ட். ஒத்துக்கொள்கிறேன், அது வேறு லெவல். ஆனால் அவர்கள் பேசாமல் நழுவுகிற விஷயம் ஒன்று இருக்கிறது. கூப்பர் நான்கு சீனியர் இறுதிப்போட்டிகளில் கோல் அடித்தவர்: 2004, 2006, 2007, 2011. கிளிஃபர்ட் 2025 வரை ஆடிய இறுதிகளில், 2019-ல் டிராவாகி மறுபடி நடந்ததையும் சேர்த்துத்தான் சொல்கிறேன், ஒரு கோல்கூட இல்லை. 2004-ல் மேயோவுக்கு எதிரான கோலைப் பாருங்கள். மேலே வந்த பந்தை அந்த ஒல்லி உடம்போடு எட்டிப் பிடித்து, ஒரே திருப்பத்தில் டிஃபெண்டரைக் கழற்றிவிட்டு உள்ளே போய், அவசரமே படாமல் வலையில் சேர்த்தார். காலில் பலம் போட்ட மாதிரியே தெரியாது.

காலம் வேறு என்பதும் உண்மைதான். கூப்பரின் நாட்களில் எதிரணி மொத்தமும் பின்னால் வந்து கூட்டமாக நிற்கும். 2025-ல் ஜிம் கேவின் தலைமையிலான குழுவின் புது விதிகள் வந்த பிறகு, ஒவ்வொரு அணியும் 3 பேரை எதிர்ப் பாதியிலேயே விட்டுவைக்க வேண்டும், 40 மீட்டர் வளைவுக்கு வெளியிலிருந்து அடித்தால் 2 பாயிண்ட். கிளிஃபர்ட் மாதிரி ஆளுக்கு இது விருந்து. ஆனால் நியாயமாகச் சொன்னால், இந்த விதிகள் வருவதற்கு முன்பே அவர் இரண்டு தடவை ஆண்டின் சிறந்த வீரர்.

இருவர் மனதிலும் ஒரே மாதிரி காயமும் இருக்கிறது. 2011 இறுதிப்போட்டியில் கூப்பர் கேப்டன், டப்ளினுக்கு எதிராக 1-3 அடித்தார், கெர்ரி 4 பாயிண்ட் முன்னால் இருந்த ஆட்டத்தைக் கோல்கீப்பர் ஸ்டீபன் கிளக்ஸ்டன் ஓடிவந்து கடைசி ஃப்ரீ கிக்கில் பறித்துக்கொண்டு போனார். 2023 இறுதிப்போட்டியில் கிளிஃபர்ட் கேப்டன், அதே டப்ளின், 2 பாயிண்டில் தோல்வி. கடைசி நிமிடங்களில் அவர் உதைத்தவை கம்பத்துக்கு வெளியே போனதைப் பார்க்கவே பாவமாக இருந்தது.

அப்புறம் நான் ஏன் கூப்பர் கட்சி? 2013 அரையிறுதி, அதுவும் டப்ளினுக்கு எதிராக, அதுவும் கெர்ரி தோற்ற ஆட்டம். அந்த வருடம் கோல் வாசலிலிருந்து அவரைப் பின்னுக்கு இழுத்து 11-ஆம் எண் ஃபார்வர்டாக நிறுத்தியிருந்தார்கள். முதல் பாதியில் கெர்ரி 3 கோல் அடித்தது. அடித்தவர்கள் வேறு, ஆனால் வழி திறந்தவர் அவர். இரண்டு பேர் நெருக்கிக்கொண்டு வரும்போது தலையைத் தூக்கி ஒரு பார்வை, அப்புறம் யாருமே இல்லாத இடத்துக்கு ஒரு பந்து. யாரும் இல்லையே என்று நாம் நினைக்கும்போது ஜேம்ஸ் ஓ'டொனஹூ அங்கே வந்து சேர்ந்திருப்பார். கிளிஃபர்ட் ஆட்டத்தை முடிப்பவர், அதில் அவரை மிஞ்ச ஆளில்லை. பக்கத்திலிருக்கும் சுமாரான ஃபார்வர்டையும் நல்ல ஃபார்வர்டாகக் காட்டும் வித்தை கூப்பரிடம்தான் கூடுதலாக இருந்தது.

ஆறு மாதத்துக்குள், 2014 பிப்ரவரியில், குரோக்ஸுக்காக ஆடும்போது அவருடைய முழங்கால் போனது. தசைநார் கிழிந்தது, சில்லும் உடைந்தது. இதோடு முடிந்தது என்றுதான் பலரும் நினைத்தார்கள். 2017 மார்ச் 17, டப்ளினின் பெரிய மைதானமான குரோக் பார்க்கில் அகில அயர்லாந்து கிளப் இறுதிப்போட்டி, எதிரணி ஸ்லாட்நீல். ஸ்கோர் 1-9, 0-7. குரோக்ஸின் அந்த ஒரே கோல் கூப்பருடையது. 1992-ல் இதே கிளப் இதே கோப்பையை வென்றபோது அணிக்கு ராசிப் பையனாகக் கூட நடந்துவந்த எட்டு வயதுச் சிறுவனும் அவர்தான்.